மிச்சம் சாப்பிட வரட்டாம்

தம்பி,

இந்தக் கடிதத்தை நீ எழுத்துக் கூட்டித்தான் வாசிப்பாய் என்று எனக்குத் தெரியும். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்கு ஆறு வருடம் உன்னை இழுத்துக்கொண்டு போனதற்கு அந்த அளவாவது பலன் இருக்க வேண்டும். ஆறுதலாக வாசி. விளங்காத இடத்தில் நிறுத்தி மறுபடி வாசி. ஆங்கிலத்திலும் எழுதலாம்தான். ஆனால் ஆங்கிலத்தில் எழுதினால் நான் மிகவும் நல்ல பெண்மணி ஆகிவிடுகிறேன். நாலு இடத்தில் 'சொறி', நாலு இடத்தில் 'தாங்க்யூ' போட்டு எல்லாவற்றையும் மெழுகி முடித்துவிடுவேன். இன்றைக்கு எனக்கு அது வேண்டாம். வாசித்து முடித்த பிறகு அலிசனுக்கும் சொல்லு. ஒன்றையும் விடாமல் சொல்லு. உன் மனைவிக்கு மொழிபெயர்க்கும்போது என்னைக் காப்பாற்றப் பார்க்காதே.

ஞாயிற்றுக்கிழமை நீ தொலைபேசியில் பேசியதற்கு இதுதான் பதில். மெல்பேர்னில் வேலை உறுதியாகிவிட்டது, தை நடுவில் வீடு மாறுகிறோம் என்றாய். நான் சந்தோசம் என்றேன். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, "அம்மா, பொக்ஸிங் டே அண்டைக்கு நாங்கள் ஜூடித் வீட்ட போவம். உங்களையும் கேட்டவா. வராட்டியும் பரவாயில்லை" என்றாய். "யோசிச்சுச் சொல்லுறன்" என்று வைத்துவிட்டேன். மூன்று நாளாக யோசிக்கிறேன். கிறிஸ்மஸுக்கு மறுநாள், உன் மாமியார் வீட்டில், நீ சிட்னியை விட்டுப் போவதற்கு முன்னால் எல்லோரும் கூடுகிற கடைசி நாள், அதற்குப் பெற்ற தாயிடம் வராவிட்டாலும் பரவாயில்லை என்று ஒரு பிள்ளை சொல்வது என்னில் இரக்கப்பட்டா, என்னை விட்டுவிட்டா? இரண்டாவது என்றால் எனக்கு நெஞ்சு நோகிறது. அதற்கு நானே காரணம் என்பதால் இரட்டிப்பாக நோகிறது. இன்னொன்றையும் கவனித்தேன். ஒரு சொல்லைச் சொல்லாமல் நீ மிகக் கவனமாகச் சுற்றிக்கொண்டு போனாய்.

அந்தச் சொல்லை நீ முதன்முதலில் கொண்டுவந்தது உங்கள் கல்யாணம் முடிந்த முதல் மார்கழியில். அன்றும் தொலைபேசிதான். அப்பா முன்னறைக் கதிரையில் பேப்பர் பார்த்துக்கொண்டிருந்தார், நான் குசினியில். நீ உற்சாகமாகச் சொன்னாய்: "அம்மா, ஜூடித் கேக்கிறா. கிறிஸ்மஸுக்கு மற்ற நாள் மிச்சம் சாப்பிட வரட்டாம், நீங்களும் அப்பாவும். அந்த ரேக்கியில சான்விச் செய்வினமாம்." உன் மாமியார் ஆங்கிலத்தில் என்ன சொன்னாரோ, அதை நீ நேரே தமிழில் போட்டுவிட்டாய். உனக்குத் தெரிந்த தமிழில் அதற்கு வேறு சொல் இல்லை. நான் கேட்டேன், "கிறிஸ்மஸ் அண்டைக்கு ஆரைக் கூப்பிட்டிருக்கினம்?" நீ கள்ளமில்லாமல், அலிசனின் பெரியப்பா குடும்பம், பக்கத்து வீட்டார், உன் மாமனார் நீலோடு வேலை செய்கிறவர்கள் என்று அடுக்கினாய். எனக்குக் காது அடைத்தது. நம்மில் சம்பந்தி வீட்டாருக்கு முதற் பந்தி. இங்கே ஊருக்கெல்லாம் விருந்து வைத்துவிட்டு, மறுநாள் ரேக்கியின், அதுதான் வான்கோழியின், மிச்சத்துக்கு எங்களைக் கூப்பிடுகிறார்கள். கடைசிப் பந்திகூட இல்லை, பந்தி முடிந்த அடுத்த நாள்!

"எனக்கு விரதம் எண்டு சொல்லு" என்றேன். நீயும் சரி என்றாய். அப்பா பேப்பரை மடித்துவிட்டு என்னைப் பார்த்தார். "என்ன விரதம்?" "பிள்ளையார் கதை." "அது முடிஞ்சு நாலு நாளாச்சே?" நான் சட்டியைத் தேய்த்துக்கொண்டு நின்றேன். அவர் மெதுவாகச் சொன்னார், "அதுகளின்ட வழக்கம் என்னவோ. ஒருக்காப் போய்ப் பாப்பமே? நீர் ஏன் உடன கோவிக்கிறீர்?" ஆத்திரக்காரிக்குப் புத்தி மட்டு என்று அவருக்குத் தெரியும், முப்பது வருடம் என்னோடு இருந்தவர் அல்லவா? பேப்பரை மறுபடி விரித்தார். பிள்ளையாரைப் பொய்ச்சாட்சிக்கு இழுத்த பாவம் எனக்குத்தான், அவருக்கு இல்லை.

இனி நடந்ததில் பாதிதான் உனக்குத் தெரியும். பொக்ஸிங் டே அன்று வேண்டுமென்றே ஆட்டிறைச்சி வாங்கி, மிளகும் சரக்கும் அரைத்துப் பிரட்டல் வைத்தேன். யாருக்கு எதை நிரூபிக்க என்று கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது. நீயும் அலிசனும் பின்னேரம் வருவதாக இருந்தீர்கள். ஆனால் இரண்டு மணிக்கே மணி அடித்தது. திறந்தால் ஜூடித்தும் நீலும். பென்ரித்திலிருந்து அந்த வெயிலில் காரோட்டி வந்திருக்கிறார்கள். ஜூடித்தின் கையில் ஒரு தட்டு, அதன் மேல் நீலக் கரை போட்ட ஒரு துணி, கோப்பை துடைக்கிற துணி. விரதம் என்று கேள்விப்பட்டேன், ஆனபடியால் உனக்குத் தக்காளியும் சீஸும் வைத்துத் தனியாகச் செய்தேன், கத்தியைக்கூடக் கழுவிவிட்டுத்தான் வெட்டினேன், வான்கோழி வைத்தது உன் கணவருக்கு மட்டும், என்று சொன்னார். சொல்லிக்கொண்டிருக்கும்போதே குசினியிலிருந்து இறைச்சி வாசம் எங்கள் மூன்று பேருக்கும் நடுவில் வந்து நின்றது. ஜூடித்தின் கண் குசினிப் பக்கம் போனது. பிறகு, "எவ்வளவு நல்ல வாசம்!" என்றார். நீல் தன் சப்பாத்தைப் பார்த்தார். நான் கம்பிவலைக் கதவைப் பாதி திறந்து தட்டை வாங்கினேன். வாங்கோ என்று சொல்லவில்லை. இருங்கோ என்று சொல்லவில்லை. ஒரு மிடறு தண்ணீர் வேண்டுமா என்று கேட்கவில்லை. பகையாளி வந்தாலும் வாசலில் நிறுத்தக் கூடாது என்று உனக்குச் சொல்லித்தந்தவள் நான்தான். அப்பா கொல்லையில் கறிவேப்பிலைக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார். அவர் வந்து சேர்வதற்குள் கார் போய்விட்டது.

தட்டை அப்படியே கொண்டுபோய், துணியோடு, வெளியே இருந்த குப்பைத்தொட்டிக்குள் கவிழ்த்தேன். தட்டு மட்டும் திரும்பி வந்தது. பின்னேரம் நீங்கள் வந்தீர்கள். மாம்பழம் வெட்டினேன். அலிசன் தோல்களை அள்ளிக்கொண்டு தானே வெளியே போட்டுவிட்டு வருகிறேன் என்று போனாள். நான் தடுப்பதற்குள் போய்விட்டாள். திரும்பி வந்தவள் கை கழுவினாள். தன் தாயின் துணியை அவளுக்குத் தெரியாமல் இருக்குமா? நெடுநேரம் கழுவினாள்.

அதற்கு முன்பு அலிசன் என் வீட்டுக்குள் வந்தால் முதல் வேலையாக பிரிட்ஜைத் திறப்பாள், நினைவிருக்கிறதா? உள்ளே தலையை விட்டுக்கொண்டு எதையாவது எடுத்து வாயில் போடுவாள். மருமகள் இப்படியா என்று எனக்கு எரிச்சலாக இருந்தது, உள்ளுக்குள் சந்தோசமாகவும் இருந்தது. அந்த நாளுக்குப் பிறகு அவள் என் பிரிட்ஜைத் திறந்ததில்லை. நான் கொடுப்பதைச் சாப்பிடுகிறாள், ருசி என்கிறாள், நன்றி என்கிறாள், கோப்பையைக் கழுவி வைக்கிறாள். ஒரு குற்றம் சொல்ல முடியாது. சண்டை பிடித்திருந்தால் நான் பிழைத்திருப்பேன். இந்த மரியாதை என்னைக் கொல்லுகிறது.

இனி நான் உனக்கு இதுவரை சொல்லாத கதை. எண்பத்து மூன்றுக் கலவரத்துக்கு அடுத்த வருடம் நாங்கள் இங்கே வந்தோம். உனக்கு ஐந்து வயது. அப்பாவின் ஒன்றுவிட்ட தமையன் வீட்டின் பின்னறையில் ஏழு மாதம் இருந்தோம். அவருடைய மனைவி ராணி அக்காவை உனக்கு நினைவிராது. அந்த வீட்டில் பிள்ளைகளோடு அவர்கள் ஐந்து பேர். அவர்கள் முதலில் சாப்பிடுவார்கள். பிறகு ராணி அக்கா மிஞ்சிய சோறு, பருப்பு, கத்தரிக்காய், இறைச்சிக் குழம்பு எல்லாவற்றையும் ஒரே சட்டியில் போட்டுக் குழைத்துச் சூடாக்கிவிட்டு, பின்னறைப் பக்கம் பார்த்துக் குரல் கொடுப்பார்: "மிச்சம் கிடக்கு, வந்து சாப்பிடுங்கோ." ஏழு மாதமும் அதே வசனம். நான் ஊரில் ஆசிரியையாக இருந்தவள். அந்தக் குரல் கேட்கும்போதெல்லாம் எனக்குப் பசி போய்விடும். உனக்கு மட்டும் அந்தச் சட்டி அமிர்தம். எல்லாக் கறியும் ஒன்றாகக் குழைந்தது உனக்குப் பிடிக்கும். நீ ஓடிப்போய் முதல் ஆளாக இருப்பாய்.

ஹெலன்ஸ்பர்க்கில் கோயில் வந்த புதிது. ஒரு நாள் யாரோ தங்கள் காரில் எங்களையும் ஏற்றிக்கொண்டு போனார்கள். பூசை முடிந்து சாப்பாட்டுக்கு வரிசையில் நின்றோம். பரிமாறிக்கொண்டிருந்த பெண் குனிந்து உன்னிடம், "தம்பிக்கு என்ன வேணும்?" என்று கேட்டாள். நீ தட்டை நீட்டி, "மிச்சம்" என்றாய். அவளுக்கு விளங்கவில்லை. "என்ன ராசா?" "மிச்சம் தாங்கோ. எங்கட வீட்டில ஒவ்வொரு நாளும் மிச்சம்தான் சாப்பாடு." அது ஒரு கறியின் பெயர் என்று நீ நினைத்துக்கொண்டிருந்தாய். இடியப்பம், புட்டு, மிச்சம். முன்னாலும் பின்னாலும் நின்றவர்கள் சிரித்தார்கள். சிலர் சிரிக்கவில்லை, அதுதான் இன்னும் மோசம். உன் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு கார்கள் நிற்கிற இடத்துக்குப் போனேன். அங்கே வைத்து உன் கன்னத்தில் அறைந்தேன். இரண்டு தரம். நீ அழவில்லை. என்னை நிமிர்ந்து பார்த்து, "மிச்சம் முடிஞ்சுதோ அம்மா?" என்று கேட்டாய்.

உனக்கு இது நினைவில்லை என்றே நம்புகிறேன். நினைவிருந்தால், ஏன் அடி விழுந்தது என்பது இப்போதாவது தெரிந்திருக்கும். நீ பிழை ஒன்றும் செய்யவில்லை. அவமானம் எனக்கு, அடி உனக்கு. மன்னித்துக்கொள் என்று எழுதப் போனேன், கை நின்றுவிட்டது. ஐந்து வயதுப் பிள்ளையிடம் கேட்டிருக்க வேண்டியதை வளர்ந்த மனிதனிடம் கேட்டு என்ன செய்வது? ஆனாலும் கேட்கிறேன். டூங்கபியில் தனி வீடு எடுத்து வந்த நாளிலிருந்து அந்தச் சொல் நம் வீட்டில் இல்லை. ஒவ்வொரு நாளும் புதுச் சோறு, புதுக் கறி. மிஞ்சியதை வெளியே கொட்டினேன். பள்ளிக்கூடத்துக்கு நீ மற்றப் பிள்ளைகள் மாதிரிப் பாணுக்குள் நேற்றைய இறைச்சி வைத்துத் தரச்சொல்லிக் கேட்டபோது, விடியவே எழும்பிப் புதிதாகப் பொரித்து வைத்துத் தந்தேன். நீ அதை அம்மாவின் பிடிவாதம் என்று நினைத்திருப்பாய். இவ்வளவும் கட்டிக்காத்த பிறகு, இருபது வருடத்துக்குக் கிட்ட ஆன பிறகு, நீயே தொலைபேசியில் அந்தச் சொல்லைக் கொண்டுவந்து என் காதில் போட்டாய். மிச்சம் சாப்பிட வரட்டாம். ஜூடித் கூப்பிட்டது எனக்குக் கேட்கவில்லை, தம்பி. பின்னறைப் பக்கம் பார்த்த அந்தக் குரல்தான் கேட்டது.

அப்பாவுக்கு இதெல்லாம் தெரியும். அந்தப் பின்னறையில் அவரும்தானே இருந்தார்? தெரிந்தபடியால்தான் என்னை வற்புறுத்தவில்லை. ஆனால் பின்னால் ஜூடித் சொன்னதை வைத்துப் பார்த்தால், அந்தத் துணியை அவர் குப்பைக்குள்ளிருந்து எடுத்திருக்கிறார். தோய்த்து, காயவைத்து, எனக்குத் தெரியாமல் இஸ்திரி போட்டு, தை பிறக்க முதல் ரெயில் ஏறிப் பென்ரித்துக்குக் கொண்டுபோய்க் கொடுத்திருக்கிறார். என்னிடம் மலிவு விற்பனை பார்க்கப் போவதாகச் சொன்னார். கடைப் பக்கமே போகாத மனிதன் மலிவு விற்பனைக்குப் போகிறேன் என்றபோதே நான் சந்தேகப்பட்டிருக்க வேண்டும். திரும்பி வரும்போது ஒரு சோடி மேசு, காலில் போடுகிற உறை, வாங்கி வந்தார். "இதுக்கோ இவ்வளவு தூரம்?" என்று கேட்டேன். "நல்ல மேசு" என்றார். அடுத்த இரண்டு வருடமும் சரியாகப் பொக்ஸிங் டே அன்று காலையில், "சேல் பாத்திட்டு வாறன்" என்று போவார். பின்னேரம் ஒரு சோடி மேசோடு வருவார். இரவு பசியில்லை என்பார். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்த மனிதன்! மூன்று சோடியும் கடைத்தாள் பிரிக்காமல் அலுமாரியில் கிடக்கின்றன. கறுப்பு, சாம்பல், கறுப்பு.

போன ஆடியில் அப்பா காலமான பிறகு, முப்பத்தோராம் நாள் காரியத்துக்கு எல்லோரும் வீட்டுக்கு வந்தபோது, ஜூடித் குசினிக்குள் தனியாக வந்தார். ஒரு கடதாசிப் பையை மேசையில் வைத்தார். உள்ளே மூன்று போத்தல்கள், கழுவித் துடைத்து. என் தேசிக்காய் ஊறுகாய்ப் போத்தல்கள். வருடா வருடம் மார்கழியில் ஒன்று குறையும், நான் எண்ணிக்கை பிழைத்துவிட்டதென்று என்னையே ஏசிக்கொள்வேன். ஜூடித் என் கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார், நீ ஒவ்வொரு வருடமும் கொடுத்துவிட்ட ஊறுகாய்க்கு நேரில் நன்றி சொல்லக் கிடைக்கவேயில்லை, உனக்குக் கோயில் வேலை, வர முடியவில்லை என்று உன் கணவர் சொல்லுவார், என்று. அப்பா எனக்கு ஒரு பொய், அவருக்கு ஒரு பொய் சொல்லியிருக்கிறார். மூன்று வருடமாக அந்த வீட்டில் என்னை ஒரு நல்லவளாக வைத்திருந்திருக்கிறார். நான் என்ன செய்தேன் தெரியுமா? "அதிலென்ன, பரவாயில்லை" என்று ஆங்கிலத்தில் சொன்னேன். நான் அனுப்பாத ஊறுகாய்க்கு நன்றியை வாங்கி வைத்துக்கொண்டேன்.

பிறகு ஜூடித் சொன்னதையும் கேள். கிறிஸ்மஸ் அன்று மேசைவிரிப்புக்கு இஸ்திரி போட வேண்டும், நல்ல உடுப்புப் போட வேண்டும், நீலின் அண்ணர் குடும்பத்துக்குச் சிரித்துக் காட்ட வேண்டும், அது எனக்கு வேலை நாள், என்றார். மறுநாள் நான் சப்பாத்தே போடுவதில்லை. தலை வாருவதில்லை. வான்கோழியை அப்படியே நடு மேசையில் வைத்துவிட்டு, அவரவர் பிய்த்துப் பாணுக்குள் வைத்து, நின்றபடியும் தரையில் இருந்தபடியும் தின்போம். அந்த நாளுக்கு வெளியாளை நாங்கள் கூப்பிடுவதில்லை. உன் கணவர்தான் முதல், என்றார். தம்பி, அந்தக் குசினியில் நின்றபோதுதான் எனக்கு விளங்கியது. அவர்கள் என்னை உள்வீட்டுக்குக் கூப்பிட்டிருக்கிறார்கள். நான் அவர்களை வெளிவாசலில் நிறுத்தினேன்.

உன்னோடும் எனக்குக் கோபம் இருக்கிறது, அதையும் சொல்லிவிடுகிறேன். அந்த இரண்டு பொக்ஸிங் டேயும் நீ அந்த மேசையில் அப்பாவுக்குப் பக்கத்தில் இருந்திருக்கிறாய். இரவு எனக்குத் தொலைபேசி எடுத்து, "அப்பா வந்திட்டாரோ? சேலில என்ன வாங்கினவர்?" என்று கேட்டிருக்கிறாய். நான் மேசுக் கதையைச் சொல்லிச் சிரிக்க, நீயும் சிரித்திருக்கிறாய். வீட்டில் சமாதானம் இருக்க வேண்டும் என்று நீங்கள் இருவரும் நினைத்தீர்கள். இருந்தது, எனக்கு மட்டும் தெரியாமல். அவரோடு சண்டை பிடிக்க ஆசையாக இருக்கிறது. ஏனப்பா எனக்குச் சொல்லவில்லை, ஒரு தரம் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போயிருக்கக் கூடாதா என்று கேட்க வேண்டும். இழுத்திருந்தால் நான் போயிருப்பேனா? அதுவும் தெரியாது. மெல்பேர்னில் உனக்கும் அலிசனுக்கும் நடுவில் ஏதாவது வந்தால் இப்படிச் செய்யாதே. அவள் ஒரு சொல்லுக்கு ஏன் எரிகிறாள் என்று தெரியாவிட்டால், கேள். அவள் ஏசினாலும் கேள். என்னிடம் யாரும் கேட்கவில்லை, நானும் யாருக்கும் சொல்லவில்லை, ஒரு நல்ல மனிதன் மூன்று வருடம் ஒரு சாப்பாட்டுக்கு ஒளித்துப் போய்வந்தான்.

போன கிழமை நான் ஒரு கூத்து ஆடினேன். நீ சிரிப்பாய். கடையில் ஒரு சின்ன வான்கோழி வாங்கினேன். அப்பா எப்படிச் செய்வார் என்று ஜூடித் அன்று சொன்னது எல்லாம் எனக்கு மனப்பாடம். பட்டரும் மிளகும் பூசி ஓவனில் வேகவைத்தேன். அதைத் தொடாமல் குளிரவைத்து, மறுநாள் மத்தியானம் எடுத்தேன். இரண்டு துண்டு வெள்ளைப் பாண். ஒன்றுக்குக் கரை வரைக்கும் பட்டர். மற்றதுக்குத் தேசிக்காய் ஊறுகாய், தோலைக் கத்தரிக்கோலால் பொடியாக வெட்டி. நெஞ்சு இறைச்சி கூடாது, அது பஞ்சு. காலிலிருக்கிற கறுத்த இறைச்சியைக் கையால் பிய்க்க வேண்டும், கத்தி வைக்கக் கூடாது. அதன் மேல் வான்கோழியின் வயிற்றுக்குள் வெந்த பாண்தூள் மசாலையில் ஒரு துண்டு. மூடி, உள்ளங்கையால் ஒரு அமுக்கு. தேத்தண்ணிக்குக் கேத்தல் கொதிக்கும்வரை அப்படியே விட வேண்டும், அப்போதுதான் ஊறுகாயின் புளிப்பு இறங்கும். பிறகு மூலைக்கு மூலை வெட்டு. அவருடையதை வேறு ஒருவரும் வெட்ட விடமாட்டாராம்.

எல்லாம் சரியாகத்தான் செய்தேன். கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு இருந்து ஒரு கடி கடித்தேன். நன்றாகத்தான் இருந்தது. ஆனால் அது அந்தச் சாப்பாடு இல்லை. பிறகுதான் விளங்கியது. அது மிச்சமே இல்லை. அதற்கு முன் யாரும் அதைச் சாப்பிடவில்லை. முதல் நாள் நாலு பேர் கூடிச் சாப்பிட்டால்தானே மறுநாள் மிச்சம்? தனியாள் எப்படி மிச்சம் செய்வது? இருபது வருடத்துக்கு மேலாக ஒவ்வொரு நாளும் புதிதாகச் சமைத்துப் பெருமைப்பட்டவள், இப்போது ஒரு முழு வான்கோழியை வைத்துக்கொண்டு தனியாக இருந்து அழுதேன். அழுதபோது இன்னொன்றும் ஞாபகம் வந்தது. ராணி அக்கா தன் பிள்ளைகளோடும் புருஷனோடும் இருந்து சாப்பிட்டதில்லை. நாங்கள் மூன்று பேரும் அந்தச் சட்டியில் சாப்பிடும்போதுதான் அவரும் வந்து இருப்பார். கடைசியில் சட்டியை வழித்துத் தின்றது அவர். ஏழு மாதமும் அது என் கண்ணுக்கு முன்னால் நடந்திருக்கிறது, நான் காணவில்லை. அவர் எங்களைத் தாழ்வாக நினைத்தாரா, தன்னோடு சேர்த்து நினைத்தாரா? பின்னறையை விட்டு வந்த நாளிலிருந்து நான் அவரோடு பேசியதில்லை. இப்போது கேட்கலாம் என்றால் ஆள் இல்லை.

ஜூடித் இருக்கிறார். ஆனபடியால் வருகிறேன். கூட்டிக்கொண்டு போக நீ வர வேண்டாம். டூங்கபி ஸ்டேசனில் ஏறி நானே ரெயிலில் வருகிறேன், அப்பா வந்த மாதிரி. வந்தவுடன் நீயும் நீலும் கிரிக்கெட் பார்க்கப் போங்கள். ஜூடித்திடம் நான் சொல்ல வேண்டியது இருக்கிறது: விரதம் இல்லை என்று, ஊறுகாய் நான் கொடுத்துவிடவில்லை என்று, துணி எங்கே கிடந்தது என்று. என் ஆங்கிலம் போதும், நீ உதவிக்கு வராதே. ஊறுகாய்ப் போத்தல் ஒன்று கொண்டுவருவேன், இந்த முறை என் கையாலே. அலிசன் அங்கே நின்று கேட்கட்டும். கேட்டுவிட்டு அவள் என்னோடு கோபித்துக்கொண்டால், நீ நடுவில் புகாதே. கோபிக்கட்டும். மூன்று வருடமாக அவள் அடக்கி வைத்திருக்கிற கோபம் அது. இவ்வளவு கேட்ட பிறகு அவர்கள் என்னை மேசையில் இருத்துவார்களோ, கம்பிவலைக் கதவுக்கு வெளியே நிறுத்துவார்களோ, எனக்குத் தெரியாது. எனக்குப் பயமாகத்தான் இருக்கிறது, தம்பி.

ரெயில் வந்து சேர ஒரு மணி ஆகும். எனக்காகக் காத்திருக்க வேண்டாம், நீங்கள் சாப்பிடுங்கள். எனக்கென்று புதிதாக ஒன்றும் செய்யவும் வேண்டாம் என்று ஜூடித்திடம் சொல்லு. நீ முதன்முதலில் சொன்ன அதே சொல்லைச் சொல்லு.

எனக்கு மிச்சம் வை.

அம்மா